முடிச்சறு கத்திகளைச் சாங்கியிலிருந்து மீட்டெடுத்த அனுபவம்

ஏப்ரல் மாதத் தமிழ்மொழி விழாவையொட்டி எங்கள் குழு மேடையேற்றிய நாடகத்துக்காகத் தமிழ்நாட்டில் செய்வித்த எட்டுக் கத்திகள், சிங்கப்பூர்ச் சாங்கி விமான நிலையத்தின் சரக்குக் கிடங்கில் 23 நாள் முடங்கிக் கிடந்தன. அவை கைக்கு வந்து சேர்ந்த பிறகும் அந்த நாள்களின் வேதனை எனக்கு முழுதாக ஆறவில்லை. அரங்கப் பொருள்களை வெளிநாட்டிலிருந்து தருவிக்க எண்ணும் மற்றக் குழுக்களாவது அதே இடத்தில் இடறக்கூடாது என்பதற்காக இதை எழுதுகிறேன்.

நாடகம் நடக்கும் வெண்கழி நாடு எங்கள் கற்பனை. அங்கே குடிமக்களின் முறையீடுகள் அரக்கு முத்திரையிட்ட ஓலைக்கட்டுகளாக வரும். அவற்றைப் பிரித்து மறுமொழி எழுதும் அதிகாரிக்கு ஓலையர் என்று பெயர். பதவியேற்கும் ஒவ்வோர் ஓலையருக்கும் ஒரு முடிச்சறு கத்தி வழங்கப்படும். அந்தக் கத்தியால் ஒரு கட்டின் முடிச்சை அறுத்தவர், அதற்கு மறுமொழி எழுதாமல் வேறொருவரிடம் தள்ளிவிட முடியாது. பதவி விலகும் நாளில் அவர் கண்முன்பே கத்தியின் நுனியை மழுக்கிவிடுவார்கள். வடிவம் மட்டும் முழுக்கக் கற்பனையன்று. நம் முன்னோரின் வாரெழுத்தாணியில் ஒரு முனை எழுதுவதற்கும் மறுமுனை ஓலையை வாருவதற்கும், அதாவது சீவி ஒழுங்காக்குவதற்கும், அமைந்திருக்கும். அதைச் சற்றுப் பெரிதாக்கி, பித்தளைப் பிடியில் யாளி முகம் வைத்து, கும்பகோணத்துப் பட்டறை ஒன்றில் செய்யச் சொன்னோம். அலகின் நீளம் 9 சென்டிமீட்டர். கூர் தீட்டவே இல்லை.

வேலை பேசியதும் பணம் அனுப்பியதும் பொருள் விமானம் ஏறியதும் எளிதாகவே முடிந்தன. சிக்கல் ஒரு சொல்லில் தொடங்கியது. பட்டறையில் விலைப்பட்டியல் எழுதியவர், நாங்கள் அனுப்பிய வரைபடத்தின் தலைப்பைப் பார்த்து, சடங்குக் குறுவாள் என்று பொருள்படும்படி எழுதிவிட்டார். அதைப் படித்த இங்குள்ள சரக்கு முகவர், சுங்க வகைப்பாட்டில் 9307 என்ற தலைப்பின்கீழ் பதிந்துவிட்டார். வாள், துப்பாக்கிமுனை ஈட்டி, வேல் போன்ற படைக்கலங்களுக்கு உரிய தலைப்பு அது. படைக்கலம் என்று அறிவித்துவிட்டால் காவல்துறை உரிமமின்றி அது சிங்கப்பூருக்குள் வர முடியாது. அந்த விதியில் எனக்கு மனக்குறை ஏதுமில்லை. எழுத்தாணிக்குப் படைக்கலத்தின் பெயரைச் சூட்டியதுதான் குறை.

முகவரின் அலுவலகத்துக்கு முதல்முறை சென்றபோது, மேசையிலிருந்த இளைஞர் என் கையிலிருந்த படங்களைப் பார்க்கவே இல்லை. விலைப்பட்டியலில் உள்ளதைத்தான் பதிய முடியும் என்றார். அதைத் திருத்தி வாங்கிவந்தால் மாற்றுவீர்களா என்று கேட்டதற்கு, அதை மேலாளர்தான் சொல்ல வேண்டும், அவர் விடுப்பில் இருக்கிறார் என்றார். அரைநாள் விடுப்பு எடுத்துச் சென்ற பயணம் அத்துடன் வீணாயிற்று. இரண்டாம் முறை திருத்திய பட்டியலோடு போனேன். பட்டறையின் முத்திரை இல்லை என்று திருப்பி அனுப்பினார். முத்திரை வேண்டும் என்பதை முதல்நாளே சொல்லியிருக்கலாமே என்ற ஆற்றாமையோடு பேருந்தில் திரும்பி வந்தேன். இதற்கிடையே கிடங்குக் கட்டணம் நாள்தோறும் ஏறிக்கொண்டிருந்தது.

நானும் ஒரு பிழை செய்தேன். உரிமம் தேவையா என்று காவல்துறையின் உரிய பிரிவுக்கு எழுதிய மடலில், பொருளின் பயன் விளங்கட்டும் என்று நாடகத்தின் பதவியேற்புக் காட்சியை இணைத்திருந்தேன். அந்தக் காட்சியில் ஓலையர் கத்தியை உள்ளங்கையில் அழுத்தி உறுதிமொழி எடுப்பார். கூரில்லாத கருவி என்று மடலும் கையில் அழுத்தும் கத்தி என்று காட்சியும் சொன்னால் படிப்பவருக்கு ஐயம் எழுவது இயல்பு. மேலும் விளக்கம் கேட்டு மடல் வந்தது. கதையில் அந்தப் பொருள் என்னவாக இருக்கிறது என்பதை விண்ணப்பத்தில் எழுதாதீர்கள். எந்த உலோகம், எத்தனை சென்டிமீட்டர், கூர் உண்டா, யார் எங்கே பூட்டி வைப்பார்கள் என்பவற்றை மட்டும் எழுதுங்கள்.

நேரில் பேச வாய்ப்புக் கிடைத்த நாளில், வயதில் மூத்த சீன அதிகாரி ஒருவர் படங்களை ஒவ்வொன்றாக நிதானமாகப் பார்த்தார். பண்டைச் சீனாவை ஆண்ட ஹான் அரச மரபின் காலத்தில் அரசு எழுத்தர்கள் மூங்கில் பட்டைகளில் எழுதினார்கள் என்றும், பிழையைச் சுரண்டி எடுக்க இடுப்பில் ஒரு சிறு கத்தியைச் செருகியிருந்தார்கள் என்றும், கத்தியும் தூரிகையும் ஏந்தியவர் என்றே எழுத்தரைக் குறிக்கும் பழஞ்சொல் சீனத்தில் உண்டு என்றும் அவர் சொன்னபோது, இரண்டு வாரமாக நான் விளக்க முயன்றது ஒருவருக்கேனும் புரிந்ததே என்று நெஞ்சு நிறைந்துவிட்டது. சுங்க அட்டவணையில் 8214.10 என்ற துணைத்தலைப்பைப் பார்க்கும்படி சொன்னவரும் அவரே. காகிதக் கத்தி, உறை பிரிக்கும் கத்தி ஆகியவற்றோடு எழுத்தைச் சுரண்டி அழிக்கும் கத்தியும் அதில் பெயர் சொல்லியே இடம்பெற்றிருக்கிறது.

அதன்பின் எல்லாம் விரைந்து நடந்தது. முத்திரையிட்ட புதிய பட்டியல், அளவுகோலை அருகில் வைத்து எடுத்த படங்கள், குழுவின் கடிதம் மூன்றையும் அனுப்பினேன். எங்கள் பொருளுக்கு உரிமம் தேவையில்லை என்ற பதில் எழுத்தில் வந்தது. அந்தப் பதில் எங்கள் எட்டுக் கத்திகளுக்கு மட்டுமே உரியது. உங்கள் பொருளுக்கு, அது கிளம்புவதற்கு முன்பே, தனியாகக் கேட்டு எழுத்தில் வாங்குங்கள். விலைப்பட்டியலின் வரைவையும் பட்டறையிடமிருந்து முன்னதாகவே வாங்கிச் சொல் சொல்லாகப் படித்துவிடுங்கள். பொருள் சேவை வரி 9 விழுக்காடு என்பது பொருளின் விலைக்கு மட்டுமன்று, விமானக் கட்டணமும் காப்புறுதியும் சேர்ந்த தொகைக்கு என்பதையும் வரவுசெலவில் மறவாதீர்கள்.

பெட்டியைத் திறந்த மாலை ஒத்திகையில், கூரில்லாத அலகு முடிச்சை அறுக்கவில்லை. கயிற்றை முன்பே வெட்டி அரக்கால் ஒட்டிவைத்தோம். முதல் ஓலையர் கத்தியை வைத்து அழுத்தியதும் கட்டு பிரிந்தது.