கீழ் வீடா, மேல் வீடா

மே 4, திங்கள்

அக்னி நட்சத்திரம் ஆரம்பம். கலெக்டர் ஆபீஸில் மனு நாள் வேறு. கடை திறக்கும்முன்பே வாசலில் கூட்டம். பட்டா, முதியோர் பென்ஷன், வழித்தகராறு என்று எல்லாருக்கும் டைப் அடித்துக் கொடுத்துவிட்டு, என் மனுவைக் கடைசியாக அடித்தேன்: கானாற்றோரம் இருந்த எங்கள் வீட்டை எடுத்ததற்குப் பதிலாகத் தரவேண்டிய மாடிக் குடியிருப்பு வீட்டை எப்போது தருவீர்கள் என்று. வாங்கியவர் சீல் குத்தி ரசீது கொடுத்தார். "சம்பந்தப்பட்ட துறைக்கு அனுப்பிடுவோம்மா." இங்கே போகச் சொன்னதே அந்தத் துறைதான்.

மே 5

ஷீட் வீடு. ராத்திரி முழுக்க அனல். இதற்கு வாடகை வேறு.

மே 9

அம்மாவின் ரேகை இன்றும் விழவில்லை. பயனாளி சரிபார்ப்பாம். காலமெல்லாம் இலை நறுக்கி, தூள் வைத்து உருட்டி, நுனி மடக்கி, நூல் கட்டிய கை. கட்டைவிரல் வழவழவென்று தேய்ந்து கிடக்கிறது. மிஷின் பையன் ஈரத்துணியால் துடைத்தான், எண்ணெய் தடவச் சொன்னான். "வேற விரல் வைம்மா." பத்தும் வைத்தாயிற்று. "இன்னாடா கண்ணு, பீடி சுத்துனவளுக்கு வீடு கெடையாதா?" என்றாள் அம்மா. அவன் பாவம், சிரித்தான்.

மே 10

கீழ் வீடு கிடைக்குமா?

மே 13

கட்டடத்தைப் போய்ப் பார்த்தேன். வாட்ச்மேன் அண்ணன் உள்ளே விட்டார். பெயின்ட் அடித்து, கதவு நம்பர்கூட எழுதியாயிற்று. மொட்டைமாடித் தொட்டிக்குக் குழாய் ஏறியிருக்கிறது, தண்ணீர் ஏறவில்லை. மீட்டர் பெட்டியைத் திறந்தால் மீட்டர் இல்லை, குளவி கூடு கட்டியிருக்கிறது. எங்களுக்கு முன்னால் அதற்கு அலாட்மென்ட்.

மத்திய அரசின் வீட்டுத் திட்டத்தில் எங்களைப் போன்றவர்களுக்கு 30 சதுர மீட்டர். கீழே ஒரு வீட்டில் கதவு வெறுமனே சாத்தியிருந்தது. உள்ளே அடி வைத்து அளந்தேன். அடுப்பு இங்கே. அம்மாவும் முறமும் ஜன்னலோரம். தம்பி ஹாலில் படுத்துக்கொள்வான்.

படிக்கட்டை எண்ணவில்லை. அம்மா முட்டியை நினைத்தாலே எனக்கு வலிக்கிறது.

மே 14

வீட்டுக்கு நாங்கள் கட்டவேண்டிய பங்குத்தொகை, அடுத்த தவணை. கட்டினால்தான் வீடு ஒதுக்கும் குலுக்கலில் பேர் வருமாம். முழுசும் கட்டிய பக்கத்து வீட்டு அக்காவுக்கே இன்னும் குலுக்கலைக் காணோம்.

மே 18, திங்கள்

ஜெராக்ஸ் எடுக்க வந்த வக்கீல் சாரைப் பிடித்துக்கொண்டேன். 1985-ல் பம்பாய் நடைபாதைவாசிகள் வழக்கில் சுப்ரீம் கோர்ட் சொன்னதைச் சொன்னார். பிழைப்பும் உயிர்வாழும் உரிமையில் சேர்த்தி, அரசியல் சட்டம் 21-வது பிரிவு. சந்தோஷமாகக் கேட்டுக்கொண்டிருந்தேன். "இன்னொண்ணும் கீதும்மா. 1976 கணக்கெடுப்புல பேர் இருந்தவங்களுக்கு மாற்று இடம் குடுக்கணும்னு சொன்னாங்க. ஆனா குடுத்துட்டுத்தான் காலி பண்ணணும்னு சொல்லல."

அதுதானே எல்லாம்! முன்னால் தருவதற்கும் பின்னால் தருவதற்கும் நடுவில்தான் நான் ஷீட்டுக்கடியில் கிடக்கிறேன்.

நம்ம தமிழ்நாட்டுக் குடிசைப் பகுதிச் சட்டம் 1971-லேயே வந்துவிட்டது. மூணாவது பிரிவின்கீழ் அரசு அறிவித்த பகுதிதான் அதில் வரும். எங்கள் கானாற்றோரம் வீட்டு வரி ரசீதில் இருக்கிறது, கரன்ட் பில்லில் இருக்கிறது, ரேஷன் கார்டில் இருக்கிறது. அந்த அறிவிப்பில் மட்டும் இல்லை.

மே 21

கோடை மழை. கானாற்றில் தண்ணீர். நாங்கள் இருந்த இடத்தின் மேலேயே போகிறதாம். 2021 நவம்பரில் பாலாறு பெருக்கெடுத்த சமயத்தில் நாங்கள் சட்டி பானையோடு பள்ளிக்கூடத்தில் கிடந்தவர்கள்தான். அங்கே குடியிருக்க முடியாது என்பது எனக்கும் தெரியும். எடுத்ததைப் பற்றிப் பேச்சில்லை. எடுத்த கையோடு சாவி கொடுத்திருந்தால் மனு எதற்கு?

மே 22

யாரோடும் பேசப் பிடிக்கவில்லை.

மே 25

தகவல் உரிமைச் சட்டத்தில் போட்டுவிட்டேன், 10 ரூபாய் கோர்ட் ஸ்டாம்ப் ஒட்டி. குடிநீர் இணைப்புக்குப் பணம் கட்டப்பட்டதா, எந்தத் தேதியில்? மின் இணைப்புக்கு? நடக்க முடியாத முதியோருக்குக் கீழ்த்தளம் ஒதுக்க உத்தரவு உண்டா, இருந்தால் நகல் தருக. 30 நாளில் பதில் தரவேண்டும்.

மே 26

கீழ் வீடு. வேறெதுவும் வேண்டாம். மேற்குப் பார்த்து இருந்தாலும் சரி.

ஜூன் 2

போன் வந்தது. "நாளைக்கு ஒரிஜினல் எல்லாம் எடுத்துக்குனு அம்மாவக் கூட்டியா." குலுக்கலா, மறுபடியும் ரேகையா என்று கேட்பதற்குள் வைத்துவிட்டார்கள். திருப்பி அடித்தால் எடுக்கவில்லை. கடையில் லீவு சொல்லியாயிற்று. ஆட்டோவுக்கு யாரிடமாவது கைமாற்று வாங்கவேண்டும். அந்த ஆபீஸ் மாடியில் வேறு