பெயர் வெட்டும் முன் குக்கரைத் திருப்பிப் பாருங்கள்

"பெயர் வெட்டிய பாத்திரத்தைத் திருப்பி எடுக்க மாட்டோம் அக்கா. வேறு யாரிடம் இதை விற்பது?" கடைக்காரர் குக்கரைத் தொட்டுக்கூடப் பார்க்கவில்லை. மன்னார்குடியிலிருந்து கும்பகோணத்துக்குக் கொளுத்தும் வெயிலில் பஸ் ஏறி, நீடாமங்கலம் ரயில்வே கேட்டில் அரை மணி நேரம் நின்று போனதற்கு இதுதான் பலன். வயிறு எரிந்தது.

தங்கையின் திருமணத்துக்குச் சீர்ப் பாத்திரம் வாங்கும் பொறுப்பு என்னுடையது. என் திருமணத்தில் மூன்று மிக்ஸி, நான்கு ஹாட்பாக்ஸ் என்று வந்து, பாதி இன்னும் பரணில்தான் கிடக்கிறது. அதனால் இந்த முறை தங்கையிடமே கேட்டுப் பட்டியல் எழுதி, அத்தை, மாமா, சித்தப்பா எல்லோருக்கும் ஆளுக்கொன்று என்று சொல்லிவிட்டேன். கேட்டு வாங்குவது அழகில்லை என்று அம்மா தயங்கினார். அத்தையோ, "நல்லவேளை சொன்னாய், எதை வாங்குவது என்று தெரியாமல் விழித்துக்கொண்டிருந்தேன்" என்று பணத்தை என் கையிலேயே கொடுத்துவிட்டார். நாச்சியார்கோவில் குத்துவிளக்கும் கோயம்புத்தூர் கிரைண்டரும் சிக்கல் இல்லாமல் முடிந்தன.

சறுக்கியது குக்கரில். தங்கை சென்னையில் குடியேறும் வாடகை வீட்டில் கேஸ் இணைப்பு வரும்வரை இண்டக்‌ஷன் அடுப்புதான். நான் ஐஎஸ்ஐ முத்திரை இருக்கிறதா என்று மட்டும் பார்த்து ஐந்து லிட்டர் அலுமினியக் குக்கரை எடுத்தேன். விற்பனையாளர் அவசரப்படுத்த, அங்கேயே தங்கை பெயரையும் திருமணத் தேதியையும் வெட்டச் சொல்லிவிட்டேன். வீட்டுக்கு வந்து பக்கத்து வீட்டு இண்டக்‌ஷன் அடுப்பில் வைத்தால் சூடே ஏறவில்லை. வெறும் அலுமினிய அடிப்பாகத்தை அந்த அடுப்பு ஏற்பதில்லை. ஒரு சிறு காந்தத்தை அடியில் வைத்துப் பார்த்திருந்தால் தெரிந்திருக்கும்: ஒட்டினால் வேலை செய்யும், ஒட்டாவிட்டால் வேண்டாம்.

ஆனால் எவர்சில்வரின் தரத்தைப் பார்க்க இதே காந்தத்தை நம்பாதீர்கள். சாம்பார் அண்டா எடுக்கும்போது விற்பனையாளர் காந்தத்தை வைத்துக் காட்டி, "பாருங்கள், ஒட்டவில்லை, சுத்தமான 304" என்றார். 304, 202 எல்லாம் எவர்சில்வர் ரகங்களின் எண்கள். 202 ரகத்திலும் காந்தம் ஒட்டாது! 304-இல் குரோமியம் சுமார் 18 சதவீதமும் நிக்கல் சுமார் 8 சதவீதமும் இருக்கும். 202-இல் நிக்கலைக் குறைத்து மாங்கனீசைக் கூட்டியிருப்பார்கள். புளியும் உப்பும் நாள் முழுக்கக் கிடக்கும் பாத்திரத்துக்கு 304 தான் தாங்கும். "பில்லில் 304 என்று எழுதிக் கொடுங்கள்" என்றேன். "அப்படியெல்லாம் எழுதும் வழக்கம் இல்லை" என்றார். அண்டாவை அங்கேயே வைத்துவிட்டு இறங்கினேன்.

இரண்டு கடை தள்ளி ஒரு பெரியவர், கேட்காமலேயே ரகம் சோதிக்கும் திரவம் இருந்த சின்னப் புட்டியைத் திறந்தார். தன் கடை அண்டாவின் அடியில் ஒரு துளி விட்டு, பேட்டரி முனையைத் தொட வைத்தார். 202 என்றால் துளி சிவந்துவிடுமாம். பக்கத்தில் இருந்த விலை குறைந்த தட்டில் விட்ட துளி கண்ணெதிரே சிவந்தது. அண்டாவில் விட்டது நிறம் மாறவில்லை. பில்லிலும் 304 என்று எழுதித் தந்தார். அன்று அலைந்த களைப்பெல்லாம் அந்த ஒரு வரியில் தீர்ந்துவிட்டது.

மிச்சப் பாத்திரம் எல்லாவற்றையும் அவரிடமே வாங்கினேன். ஒவ்வொன்றிலும் தண்ணீர் ஊற்றி, மூடியைப் பொருத்தி, கைப்பிடி ஆடுகிறதா என்று பார்த்த பிறகே பெயர் வெட்டக் கொடுத்தேன். இட்லிப் பானையில் ஒரு தட்டு சரியாக உட்காரவில்லை. பெயர் வெட்டாததால் முகம் சுளிக்காமல் மாற்றித் தந்தார். அடியில் காந்தம் ஒட்டும் எவர்சில்வர் குக்கரை என் கைக்காசில் வாங்கினேன்.

பழைய குக்கர் இப்போது அம்மாவின் கேஸ் அடுப்பில் இருக்கிறது. கைப்பிடிக்குக் கீழே தங்கை பெயரும் தேதியும். அம்மா அதைத் துலக்கும்போது அந்த இடத்தை மட்டும் மெதுவாகத் தேய்க்கிறார்.