அப்பாவும் வாஸுகா தேயிலையும்

ஜப்பானிலிருந்து திரும்பி நான்கு நாள் ஆகிறது. பெட்டியைத் திறந்தால் இன்னும் வறுத்த தேயிலை வாசனை அடிக்கிறது. செலவுக் கணக்கு, பஸ் விவரம், எதற்குப் பிறகு எது என்று வரிசையாக எழுதித் தருவதாக நிறையப் பேருக்குச் சொல்லியிருக்கிறேன். எழுதுகிறேன். அதற்கு முன்னால் எங்களைக் கடைசி நேரத்தில் கைவிட்ட இடைத்தரகர் கதையைச் சொல்லியே ஆகவேண்டும்.

நாங்கள் மூன்று பேர்: நான், என் கணவர், அப்பா. அப்பா குன்னூரில் ஒரு டீ ஃபேக்டரியில் 31 வருஷம் வேலை பார்த்து ஓய்வு பெற்றவர். “ஜப்பான்காரங்க பச்சை டீயை எப்படிப் பண்றாங்கன்னு ஒரு தடவை கண்ணால பாத்துடணும்” என்று நான் பள்ளிக்கூடம் போன நாளிலிருந்து சொல்லிக்கொண்டிருப்பார். அதனால் பெரிய நகரங்களுக்கான நாட்களைக் குறைத்து, கியோட்டோ மாகாணத்தின் தெற்கு ஓரத்தில் இருக்கும் வாஸுகாவுக்கும் அதை ஒட்டிய மலைக்கோயில்களுக்கும் ஒரு முழு நாளை ஒதுக்கினோம். கிராமத்துப் பக்கம், மொழி தெரியாது, அப்பாவுக்கு முழங்கால் வலி வேறு. தனி வழிகாட்டி இல்லாமல் முடியாது என்று தோன்றியது.

இணையத்தில் ஒரு இடைத்தரகரிடம் “எல்லாம் சேர்த்து” 70,000 யென் என்று பதிவு செய்தோம். கிளம்ப ஐந்து நாள் இருக்கும்போது மெயில் வருகிறது: வண்டி வாடகை தனி, இன்னொரு 62,000 யென். கேட்டால், விதிமுறைகளில் எங்கோ கீழே எழுதியிருப்பதாகப் பதில். ரத்து செய்ததற்கு 30 சதவீதம் பிடித்துக்கொண்டார்கள். 21,000 யென், நம் காசுக்குப் பன்னிரண்டாயிரம் ரூபாய்க்கு மேல், ஒரு வாய் டீ குடிக்காமலே போனது. இன்னும் வயிறு எரிகிறது.

இதில் தெரிந்துகொண்ட ஒன்றை எல்லாரும் குறித்துக்கொள்ளுங்கள். ஜப்பானில் காசு வாங்கிக்கொண்டு ஆளை ஏற்றும் வண்டிக்குப் பொதுவாகப் பச்சை நம்பர் பிளேட் இருக்கவேண்டும். வழிகாட்டி தன்னுடைய சொந்த வெள்ளை பிளேட் காரில் உங்களைக் கட்டணத்துக்குக் கூட்டிப் போவது சட்டப்படி தப்பு. ஆகவே ‘தனி வழிகாட்டி’ என்றால் பெரும்பாலும் உங்களோடு ரயிலிலும் பஸ்ஸிலும் வருகிற ஆள்தான். கார் வேண்டுமென்றால் அது வேறு கணக்கு. பணம் கட்டுவதற்கு முன்பே இதைக் கேட்டுவிடுங்கள். இன்னொன்று, 2018 ஜனவரியிலிருந்து உரிமம் இல்லாதவர்களும் காசுக்கு வழிகாட்டலாம். தேசியத் தேர்வு எழுதிப் பாஸ் செய்தவர்களிடம் பதிவு அட்டை இருக்கும். காட்டச் சொன்னால் தயங்காமல் காட்டுவார்கள்.

அப்படி அட்டை வைத்திருந்த ஒருவரை நேரடியாகப் பிடித்தோம். பள்ளி ஆசிரியையாக இருந்து ஓய்வு பெற்ற அம்மா. பெயரைப் போடவேண்டாம் என்று கேட்டுக்கொண்டார். எட்டு மணி நேரத்துக்கு 45,000 யென், அவருடைய பஸ், ரயில், சாப்பாட்டுச் செலவும் நம்முடையது. கணவருக்கு இந்தத் தொகையைக் கேட்டதும் முகம் சுண்டிப்போனது. இருபத்தாறாயிரம் ரூபாய் ஒரே நாளைக்கு! அந்த ஆறு நாள் பயணத்தில் மறுபடி யோசிக்காமல் கொடுக்கக்கூடிய பணம் எது என்று இன்று என்னைக் கேட்டால், இதைத்தான் சொல்வேன்.

நாராவில் தங்கியிருந்தோம். காலையில் ஜே.ஆர். ரயிலில் காமோ என்ற ஸ்டேஷனுக்குக் கால் மணி நேரம்தான். அங்கிருந்து வாஸுகாவுக்குப் பஸ். ஒரு வளைவு திரும்பியதும் அப்பா முன் சீட்டின் கம்பியைப் பிடித்துக்கொண்டு எழுந்தே நின்றுவிட்டார்.

மலை முழுக்கச் சீவி வைத்ததுபோலத் தேயிலை. நம் நீலகிரித் தோட்டம் மாதிரி மேசை மேசையாகப் பரந்து கிடக்கவில்லை. உருளையான முதுகோடு நீள வரிசைகள், சரிவில் மேலே மேலே ஏறிப் போகின்றன. நடுவில் சில்வர் ஓக் இல்லை, வேறு நிழல் மரமும் இல்லை. அதற்குப் பதிலாக உயரக் கம்பங்களில் மின்விசிறிகள். “காத்தாடி எதுக்கும்மா?” என்று அப்பா தமிழிலேயே வழிகாட்டியிடம் கேட்டார். அப்பா விசிறியைக் கையால் காட்டியதைப் பார்த்தே வழிகாட்டி புரிந்துகொண்டு பதில் சொன்னார். வசந்தத்தில் இரவு பனி விழுந்தால் புதுக் கொழுந்து கருகிவிடும். தரையை ஒட்டிக் குளிர்ந்த காற்று தங்கும், சில மீட்டர் மேலே காற்று கொஞ்சம் வெதுவெதுப்பாக இருக்கும். அந்த மேல்காற்றைக் கீழே தள்ளத்தான் விசிறி. ஊட்டிப் பக்கம் உறைபனியில் ஏக்கர் ஏக்கராகத் தேயிலை கருகிப் போனதைப் பார்த்த மனிதர் அப்பா. நான் மொழிபெயர்த்துச் சொன்னதும் கொஞ்ச நேரம் பேசவே இல்லை. அப்புறம், “இவ்வளவு சின்ன விஷயம்” என்றார்.

நாலாயிரம் பேர்கூட இல்லாத ஊர் இது. கியோட்டோ மாகாணத்தில் விளையும் தேயிலையில் பாதிக்குக் கொஞ்சம் குறைவான அளவு இங்கேதான் விளைகிறது. ஆனால் விற்பனைக்குப் போகும்போது உஜி தேயிலை என்ற பெயரில்தான் போகும். உஜி நகரத்தில் கூட்டத்தில் இடிபட்டு மாட்சா (பச்சைத் தேயிலை மாவு) ஐஸ்கிரீம் வாங்குகிறவர்களில் எத்தனை பேருக்கு வாஸுகா என்ற பேர் தெரியும்? எனக்கு இது ஆற்றாமையாகவே இருக்கிறது. விளைகிற மண்ணின் பேர் விலாசத்தில் வரவேண்டாமா?

நாங்கள் போனது மே 12. கணக்குப் போட்டுத்தான் தேதி வைத்தோம். ஜப்பானின் பழைய நாட்காட்டிப்படி வசந்தம் தொடங்கும் நாளிலிருந்து எண்ணினால் எண்பத்தெட்டாவது நாள் மே 2-ஐ ஒட்டி வரும். முதல் கொழுந்துக்கு அதுதான் பேர்போன நாள். வழிகாட்டி முன்கூட்டியே பேசிவைத்திருந்த விவசாயியின் தோட்டத்தில் பறிப்பு நடந்துகொண்டிருந்தது. வரிசைக்கு இந்தப் பக்கம் கணவர், அந்தப் பக்கம் மனைவி, நடுவில் வில்போல வளைந்த ஒரு இயந்திரம். அதன் பின்னால் பெரிய பை ஊதிக்கொண்டு வருகிறது. சில வரிசைகள் மேல் கறுப்பு வலை போர்த்தியிருந்தார்கள். வெயிலை மறைத்தால் இலை இன்னும் பச்சையாகும், துவர்ப்பு குறையும். மாட்சாவுக்குப் போகும் இலைக்கு இப்படித்தான் வாரக்கணக்கில் நிழல் கொடுக்கிறார்கள்.

அப்பா கேட்காமல் கொள்ளாமல் ஒரு கொழுந்தைக் கிள்ளி, கசக்கி, மோந்து பார்த்தார். நான் பதறினேன். அந்த விவசாயி இயந்திரத்தை நிறுத்திவிட்டு வந்து, தானும் ஒன்றைக் கிள்ளி அதே மாதிரி கசக்கி மோந்தார். இரண்டு பேரும் தலையாட்டிக்கொண்டார்கள். அதற்குப் பிறகு வழிகாட்டிக்கு மூச்சுவிட நேரமில்லை.

வீட்டை ஒட்டியே அவருடைய சின்ன ஃபேக்டரி. “வித்தரிங் எங்க பண்றாங்கன்னு கேளு” என்றார் அப்பா. குன்னூரில் இலை வந்ததும் தொட்டியில் பரப்பி ராத்திரி முழுக்க வாட்டுவார்கள், அப்புறம்தான் மற்றதெல்லாம். இங்கே வாட்டலே கிடையாது. பறித்த இலையை உடனே நீராவியில் காட்டிவிடுகிறார்கள், அரை நிமிஷம், அவ்வளவுதான். இலை கறுப்பதற்கு வழியே இல்லாமல் போகிறது. அந்த இடத்தில் நின்றால் கீரை வேகிற வாசனை. பிறகு சூட்டில் உருட்டி, உருட்டி, கடைசி இயந்திரத்தில் இலை ஊசி ஊசியாக வருகிறது. இப்படி நீராவியில் அவித்துச் சூட்டில் கையால் உருட்டிக் காயவைக்கும் முறையை 1738-ல் உருவாக்கியவர் நாகதானி சோயென். பக்கத்து ஊரான உஜிதவாராக்காரர். கை செய்ததை இப்போது இயந்திரம் செய்கிறது, வரிசை மாறவில்லை. மாட்சாவுக்கான இலையை மட்டும் உருட்டுவதில்லை. அவித்துக் காயவைத்து, காம்பும் நரம்பும் நீக்கிக் கல் திரிகையில் அரைக்கிறார்கள். ஒரு திரிகை ஒரு மணி நேரம் சுற்றினால் 40 கிராம் மாவு வந்தாலே பெரிது. மாட்சா ஏன் அந்த விலை என்று இனிமேல் கேட்கமாட்டேன்.

டீ ஊற்றிக் கொடுத்தார் வீட்டுக்கார அம்மா. கொதித்த தண்ணீரை ஒரு கிண்ணத்திலிருந்து இன்னொன்றுக்கு, அதிலிருந்து இன்னொன்றுக்கு மாற்றி ஆற்றுகிறார். ஒவ்வொரு மாற்றலுக்கும் பத்து டிகிரி போல இறங்குமாம். 70 டிகிரிக்கு வந்ததும்தான் இலைமேல். முதல் வாய் குடித்ததும் அப்பா, “இதுல கறிவேப்பிலைக் கொழுந்து மாதிரி ஒண்ணு இருக்கு” என்றார். எனக்கு அந்த வாசனை பிடிபடவில்லை. எனக்கு வெந்த பட்டாணியின் இனிப்பு. மூன்று தடவை அதே இலையில் ஊற்றினார், மூன்றும் வேறு வேறு ருசி. கடைசியில் அந்த இலையையே தட்டில் வைத்து, இரண்டு சொட்டு சோயா சாஸ் விட்டுச் சாப்பிடச் சொன்னார். இலேசான கசப்போடு, வெந்தயக்கீரை மாதிரி. தட்டு காலி.

சாப்பாட்டைப் பற்றி. அப்பா சுத்த சைவம். ஜப்பானில் சைவக்காரருக்கு எதிரி இறைச்சி இல்லை, குழம்புச் சாறு. கண்ணுக்குக் காய்கறிதான் தெரியும், சாற்றில் காய்ந்த மீன் சீவல் கொதித்திருக்கும். அதுவரை நான்கு நாளும் அப்பா உப்புப் பிளம் வைத்த சோற்று உருண்டையிலும் நாங்கள் கொண்டுபோன பருப்புப் பொடியிலும்தான் ஓட்டினார். எனக்கு மனசே ஆறவில்லை. வழிகாட்டி அம்மா மூன்று நாள் முன்பே வாஸுகாவில் ஒரு சின்ன உணவகத்துக்குப் போன் செய்து, கடல்பாசியும் காய்ந்த ஷீட்டாகே காளானும் மட்டும் போட்டுச் சாறு வைக்கச் சொல்லியிருந்தார். தேயிலை சேர்த்த பச்சை சோபா நூடுல்ஸ், தேயிலைச் சாறில் வடித்த சோறு, அன்று பறித்த கொழுந்தில் டெம்பூரா. கொழுந்து எண்ணெயில் பொரிந்து கண்ணாடி மாதிரி நொறுங்கியது. அப்பா இன்னொரு தட்டு கேட்டார். பயணம் முழுக்க அவர் இன்னொரு தட்டு கேட்டது அங்கேதான். தலைக்கு இரண்டாயிரம் யென்னுக்குள் முடிந்தது.

பேச்சு சுவாரசியத்தில் திரும்புகிற பஸ் போய்விட்டது. ஒரு நிமிஷத் தாமதம், அடுத்ததற்கு ஒரு மணி நேரத்துக்கு மேல். கோயில் மூடிவிடுமே என்று டாக்ஸியை வரவழைத்தோம். காமோவுக்கு 4,000 யென்னுக்குச் சற்று மேல். அது எங்கள் தப்பு, பஸ்ஸின் மேல் குறை இல்லை. மதியச் சாப்பாடு முடிவதற்கு முன்பே திரும்பும் பஸ் நேரத்தைக் கையில் எழுதி வைத்துக்கொள்ளுங்கள்.

காமோவிலிருந்து கான்சென்ஜி, ஜோருரிஜி என்ற இரண்டு கோயில்களுக்கும் சிறு பஸ் ஓடுகிறது. கான்சென்ஜியில் இறங்கி ஜோருரிஜிக்கு நடப்பதுதான் நல்லது, பெரும்பாலும் இறக்கம். அப்பாவின் முழங்காலே ஒத்துக்கொண்டது.

கான்சென்ஜியில் 1442-ல் கட்டிய மூன்றடுக்குக் கோபுரம். வழிகாட்டி அம்மா சுற்றிப் பார்க்க விடாமல் ஒரு மூலையில் எங்களை நிறுத்தி, “ஓதோசான், மேலே” என்றார். அப்பா என்பதற்கு ஜப்பானிய மொழியில் அதுதான் சொல், காலையிலிருந்தே அப்படித்தான் கூப்பிட்டார். கூரையின் மூலைக்கட்டைக்கு அடியில் குட்டிப் பூதம் ஒன்று குந்தி உட்கார்ந்து, மொத்த பாரத்தையும் தோளில் தாங்குகிறது. நம் கோயில் விமானங்களில் வரிசையாகத் தாங்கி நிற்குமே பூதகணங்கள், அதே வேலை, அதே முழி. இவர் சொல்லாவிட்டால் நிமிர்ந்தே பார்த்திருக்கமாட்டோம்.

நடைபாதை முழுக்கப் பாறைகளில் செதுக்கிய புத்தர்கள். 1299-ல் செதுக்கிய ஒன்றை ‘சிரிக்கும் புத்தர்’ என்கிறார்கள். பாறை முன்பக்கம் சாய்ந்திருப்பதால் நம்மைக் குனிந்து பார்த்துச் சிரிப்பது போலவே இருக்கிறது. பக்கத்திலேயே இன்னொருவர், தோள்வரை மண்ணில் புதைந்து தூங்குகிறார். யாரும் தோண்டி எடுக்கவில்லை, தூங்கட்டும் என்று விட்டிருக்கிறார்கள். வழி நெடுக ஆளில்லாக் கடைகள். ஆணியில் ஊறுகாய், காய்கறிப் பைகள் தொங்கும், நூறு யென்னைப் பெட்டியில் போட்டு எடுத்துக்கொள்ளவேண்டியதுதான். இந்த நாட்டிலேயே எனக்கு மிகவும் பிடித்த கடைகள் இவைதான்.

ஜோருரிஜி பற்றி எழுதும்போது கை தயங்குகிறது. நடுவில் குளம். கிழக்குக் கரையில் 1178-ல் கியோட்டோவிலிருந்து பெயர்த்துக் கொண்டுவந்த மூன்றடுக்குக் கோபுரம், மேற்குக் கரையில் 1107-ல் கட்டிய நீண்ட மண்டபம். முதலில் கோபுரத்தைக் கும்பிட்டு, அங்கிருந்து திரும்பித் தண்ணீருக்கு அப்பால் பார்க்கவேண்டும் என்று வழிகாட்டி சொன்னார். இந்தக் கரை நம் உலகம், எதிர்க்கரை அமிதாப புத்தரின் சொர்க்கம். அந்த மண்டபத்துக்குள் இருட்டில் ஒன்பது அமிதாப புத்தர்கள் வரிசையாக உட்கார்ந்திருக்கிறார்கள். இறந்தபின் சொர்க்கத்தில் பிறப்பதற்கு ஒன்பது படிநிலை, ஒவ்வொன்றுக்கும் ஒருவர். அந்தக் காலத்தில் இப்படி ஒன்பது புத்தர் மண்டபங்கள் முப்பதுக்கு மேல் கட்டினார்களாம். மண்டபமும் சிலைகளும் சேர்ந்து மிஞ்சியது இது ஒன்றுதான்.

நடு புத்தருக்குப் பக்கத்தில் திறந்த பேழைக்குள், 90 சென்டிமீட்டர் உயரத்தில் ஒரு தேவி. வெள்ளை முகம், உருண்ட கன்னம், சிவப்பும் பச்சையுமாக உடை, இடது கையில் ரத்தினம். 1212-ல் இங்கே வைக்கப்பட்டவள், வர்ணம் இன்னும் அழியவில்லை. பேர் கிச்சிஜோட்டென். “உங்கள் ஊர் லட்சுமி” என்று மெல்லச் சொன்னார் வழிகாட்டி. அப்பா செருப்பில்லாத காலோடு அந்த மரத்தரையில் அப்படியே உட்கார்ந்துவிட்டார். அம்மா தவறிப் போய் இரண்டு வருஷம் ஆகிறது, அவள் பேர் ஸ்ரீதேவி. நாங்கள் யாரும் எதுவும் பேசவில்லை. வழிகாட்டிக்கு இது தெரியாது, ஆனாலும் கடைசி பஸ்ஸுக்கு நேரம் இருக்கிறது என்று மட்டும் சொல்லிவிட்டு வெளியே போய் நின்றுகொண்டார்.

மறுநாள் காலை நாங்களாகவே கைஜூசென்ஜி என்ற கோயிலுக்குப் போனோம். காமோவிலிருந்து நடந்தால் கடைசி ஏற்றம் செங்குத்து, முழங்கால்காரர்கள் டாக்ஸி பிடியுங்கள். 1214-ல் கட்டிய ஐந்தடுக்குக் கோபுரம், 17.7 மீட்டர்தான். காட்டுக்குள் சிவப்பாக ஒடுங்கி நிற்கிறது. வாஸுகாவில் முதலில் தேயிலை விதைத்தவர் இந்தக் கோயில் துறவி என்பது உள்ளூர் வழக்கு. அழகு. ஆனால் அப்பா நான்கு தடவை எதையோ காட்டி “இது என்னன்னு கேளேன்” என்றார். கேட்க ஆளில்லை.

கணக்கு: வழிகாட்டி 45,000, அவர் செலவும் சேர்த்து எங்கள் போக்குவரத்தும் டாக்ஸியும் 11,000 போல, சாப்பாடு நாலு பேருக்கு 8,000-க்குள், கோயில் நுழைவு தலைக்குச் சில நூறு யென். விவசாயியிடம் வாங்கிய தேயிலை 6,000. அங்கே ரொக்கம் வேண்டும், கார்டை நம்பிப் போகாதீர்கள். ஜோருரிஜி மண்டபத்துக்குள் படம் எடுக்க அனுமதி இல்லை.

தேதி முக்கியம். ஜோருரிஜி தேவியின் பேழை வசந்தத்தில் மார்ச் 21 முதல் மே 20 வரை திறந்திருக்கும். அதற்குப் பிறகு அக்டோபர் 1-க்குத்தான் கதவு திறக்கும்.