தமிழ் ஐயாகிட்டக் கொடு

அந்தத் தாளை நான் முழுதாகப் படித்தேனா என்பதே இப்போது சந்தேகமாக இருக்கிறது. படித்தேன் என்றுதான் இத்தனை நாள் நினைத்துக்கொண்டிருந்தேன்.

மாவட்ட அறிவியல் கண்காட்சிக்குப் பெயர் கொடுக்கக் கடைசி நாள். பள்ளிக்கு ஒரு மாடல்தான். ஒன்பதாம் வகுப்புப் பிள்ளை ஒன்று நான்கு பக்கம் எழுதி, கலர் பென்சிலில் படமும் போட்டுக் கொண்டுவந்து நின்றது. ஏதோ ஒரு கிரகம். அங்கே சாயங்காலமானால் வெளிச்சம் சத்தம் போடும். சிவப்பு வெளிச்சத்துக்குக் கட்டைக்குரல், நீலத்துக்குக் கீச்சுக்குரல். அந்த ஊர்க்காரர்கள் பொழுது சாய்ந்துவிட்டது என்று சொல்லமாட்டார்களாம், 'பொழுது கேட்டுருச்சு' என்பார்களாம். அந்த வரியில் எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. கேலிச் சிரிப்பு இல்லை. ஆனால் எதிரே நிற்கிற பிள்ளைக்கு அது எப்படித் தெரியும்?

இயற்பியல் வாத்தியார் கேட்கவேண்டியதைக் கேட்டேன். "சூரியன்லேர்ந்து சத்தம் எப்படிம்மா வரும்? நடுவுல காத்தே இல்லையே."

"சூரியன்லேர்ந்து வரலை சார். வெளிச்சம் மட்டுந்தான் வருது. அது விழுற இடத்துலதான் சத்தம் பிறக்குது."

"கதை நல்லாருக்கு. தமிழ் ஐயாகிட்டக் கொடு" என்றேன்.

சரி சார் என்று தாளை மடித்துக்கொண்டு போய்விட்டது. மொத்தமே மூன்று நிமிஷம் இருக்காது.

என் பக்கத்தையும் சொல்லிவிடுகிறேன். மாவட்டத்தில் நடுவராக வருகிறவர்கள் 'மாடல் எங்கே, ஓடுமா?' என்றுதான் கேட்பார்கள். படம் வரைந்த அட்டையோடு ஒரு பிள்ளையை அங்கே நிறுத்தி நாலு பேர் முன்னால் முழிக்கவிடுவதா? ஏசியிலிருந்து சொட்டும் தண்ணீரைத் தொட்டிச் செடிக்குத் திருப்பும் மாடல் ஒரு பையனிடம் தயாராக இருந்தது. அதை அனுப்பினேன். பரிசு வரவில்லை. வந்திருந்தால் இதை எழுதியிருப்பேனா என்று கேட்டால், தெரியாது.

விஷயம் தெரியாமல் சொல்லியிருந்தால்கூட மனசு ஆறிவிடும். கல்லூரியில் படித்ததுதான். 1880ல் கிரகாம் பெல், டெலிபோன் பெல்தான், சூரிய வெளிச்சத்தைத் தடுத்துத் தடுத்து ஒரு மெல்லிய தகட்டின் மேல் விழவைத்தபோது தகடு ஒலித்தது. பிறகு பார்த்ததில் விளக்குக்கரி பூசிய பரப்பில் சத்தம் இன்னும் பலமாக வந்தது. கரி வெளிச்சத்தைக் குடித்துச் சூடாகிறது, வெளிச்சம் நின்றதும் சட்டென்று ஆறுகிறது. ஒட்டியிருக்கும் காற்று அதற்கேற்ப விரிந்து சுருங்குகிறது. அந்த அதிர்வுதான் சத்தம். விழுகிற இடத்தில் பிறக்கிறது. பாடப்புத்தகம் அரைப் பக்கம் எடுத்துக்கொள்வதை அந்தப் பிள்ளை ஒரே வரியில் சொல்லிவிட்டது.

அந்த நேரத்தில் எனக்குப் பெல் ஞாபகம் வந்தாரா? சில நாள் வந்தார் என்று தோன்றுகிறது, மணி அடிக்கப் போகிறதே என்று நான்தான் ஒதுக்கிவிட்டேன். சில நாள், இது பின்னால் நானே சேர்த்துக்கொண்டது என்று தோன்றுகிறது. எது மேல் என்றும் தெரியவில்லை.

கிளறிவிட்டது செவ்வாய்க் கிரகம். 2021ல் அங்கே இறங்கிய நாசாவின் பெர்செவரன்ஸ் வண்டி லேசரைப் பாறையில் பாய்ச்சுகிறது, பாறை 'டிக் டிக்' என்கிறது, வண்டியிலுள்ள மைக் அதைப் பதிகிறது. ஒலி வேகம் நடத்தும்போது பிள்ளைகளுக்கு இதைச் சொல்லலாமென்று குறிப்பெடுத்தேன். அங்கே கீச்சு ஒலி நொடிக்கு 250 மீட்டர், கட்டை ஒலி 240 மீட்டர் வாக்கில்தான் போகிறது, கீச்சு ஒலி கட்டையை முந்திக்கொண்டு வரும். எழுதிக்கொண்டிருந்த கை நின்றுவிட்டது. வேற்றுக் கிரகம், வெளிச்சம் விழுந்த இடம், சத்தம்.

ஆனாலும் ஒன்று. அந்தக் கிரகம் அப்படியே ஓடாது. நிறத்துக்கும் குரலுக்கும் அந்த மாதிரி சம்பந்தம் கிடையாது. ஒரே சீராக விழுகிற வெயில் ஒலிக்கவும் செய்யாது. கொசு சிறகடிக்கிற வேகத்தில், நொடிக்கு நூற்றுக்கணக்கான தடவை வெளிச்சம் விட்டுவிட்டு வரவேண்டும். இதை நினைத்தால் கொஞ்சம் நிம்மதி. உடனே, சூரியனுக்குக் குறுக்கே பூச்சிக் கூட்டம் பறக்கும் என்று மூன்றாம் பக்கத்தில் இருந்ததோ என்று ஒரு நினைப்பு. இருந்ததா, நான் எழுதிச் சேர்க்கிறேனா?

தாளைப் பார்த்துவிடலாமென்று தமிழ் ஐயாவிடம் கேட்டேன். "அப்படி யாரும் எதுவும் தரலையே சார்" என்றார்.

போன தையில் ஒரு கல்யாணத்துக்குப் போனேன். அந்தப் பிள்ளையின் அம்மா கூட்டித் துடைக்கிற பெரிய வீடு அது, வருஷத்தில் பாதி நாள் பூட்டியே கிடக்கும். சாயங்காலம் வளவில், வீட்டின் நடு முற்றத்தில் நின்றேன். மேலே கலர்க் கண்ணாடி வழியாக ஆத்தங்குடித் தரைக்கல்லில் சிவப்பும் நீலமுமாக வெயில் விழுந்திருந்தது. வெயில் நகர நகர, பகலெல்லாம் காய்ந்த வளவுத் தகரம் சூடு ஆறிச் சுருங்கி 'டக்... டக்' என்றது. எனக்கு வேறெதுவும் கேட்கவில்லை. "என்ன சார் அங்கயே நின்னுட்டிய, பந்திக்கு வாங்க" என்று ஒரு ஆச்சி வந்து கூப்பிட்டார்கள்.

மறுவாரம் 100 வாட் குண்டு பல்பு ஒன்று தேடி வாங்கினேன், இப்போது அது லேசில் கிடைப்பதில்லை. ஹார்லிக்ஸ் பாட்டிலின் உள்பக்கம் ஒரு பாதிக்கு மெழுகுவத்திக் கரி பிடித்து, மூடியில் ஓட்டை போட்டேன். நம் கரண்டில் பல்பு நொடிக்கு 100 தடவை கூடிக் குறைகிறது, கண்ணுக்குத் தெரியாது. ஓட்டையில் காதை வைத்தால் மெல்லிய ரீங்காரம். நடுவில் அட்டையை நீட்டினால் நின்றுவிடுகிறது. வீட்டுக்காரி வாங்கிக் கேட்டுவிட்டு, "நம்ம தெரு டிரான்ஸ்பார்மர் மாதிரில்ல இருக்கு" என்றாள். அதுவும் அதே 100தான்.

அந்தப் பிள்ளை இப்போது பிளஸ் ஒன், காமர்ஸ் குரூப். நான்தான் காரணம் என்று சொல்லிக்கொள்ளும் அளவுக்கு நான் பெரிய ஆள் இல்லை. இந்தச் செட்டிநாட்டுச் சீமையில் கணக்குவழக்குப் படிப்பது குறைச்சலா என்ன. வகுப்பு எங்கள் லேபுக்கு அடுத்த அறைதான். பாட்டிலை லேப் அலமாரியில் வைத்திருக்கிறேன். ஒரு நாள் கூப்பிட்டுக் காட்டவேண்டும் என்றுதான் கொண்டுவந்தேன்.

போன வாரம் சாக்பீஸ் கேட்டு அதுவாகவே வந்தது. அலமாரியைப் பார்த்து, "அந்தப் பாட்டில் என்ன சார், கரியா இருக்கு?" என்றது.

"ஒண்ணுமில்லம்மா, கழுவணும்" என்று சொல்லி, சாக்பீஸ் பெட்டியை எடுத்துக் கொடுத்தேன்.