எந்த மணி பிழை?

இந்தக் கேள்விக்கு நான் சொன்ன பதில், நான் எழுதிய விளையாட்டின் விதிப்படி சரி. இன்றைக்குக் கேட்டாலும் அதையேதான் சொல்வேன் என்று நினைக்கிறேன். பிறகு ஏன் அது மண்டைக்குள் ஓடிக்கொண்டே இருக்கிறது என்றுதான் விளங்கவில்லை.

வேலை, கணினி விளையாட்டு ஒன்றுக்கு உலகம் எழுதிக் கொடுப்பது. அந்த உலகத்தில் மந்திரம் நேரத்தோடு கட்டப்பட்டது. நாளுக்கு 60 நாழிகை, நாழிகைக்கு 24 நிமிடம், எங்கள் பஞ்சாங்கக் கணக்கேதான். கோபுரத்தில் மணிகாரர் எந்த நாழிகை என்று அடிக்கிறாரோ அந்த நாழிகையில் செய்த சடங்குதான் பலிக்கும், தவறினால் விளக்கும் எரியாது, விதையும் முளைக்காது. சரி, எல்லாம் ஒழுங்காக நடந்தால் விளையாடுகிறவருக்கு என்ன வேலை? ஒரு கோளாறு வேண்டும்.

அதைத் தந்தது எங்கள் அலுவலக வாகனம் ஓட்டுகிற அண்ணை. முந்தி லொறியில் போனவர். 1996 மேயில் மின்சாரத் தட்டுப்பாட்டைச் சொல்லி இலங்கை அரசாங்கம் மணிக்கூட்டை ஒரு மணித்தியாலம் முன்னே தள்ளியது, ஒக்ரோபரில் அரை மணியைத் திருப்பிக் கொடுத்தது. விடுதலைப் புலிகளின் கட்டுப்பாட்டுப் பகுதி இரண்டையும் ஏற்காமல் பழைய நேரத்திலேயே நின்றது. 2002இல் வடக்குக்குப் போகும் ஏ9 பாதை திறந்த பிறகு, ஓமந்தைச் சோதனைச் சாவடியைத் தாண்டிப் புலிகளின் பகுதிக்குள் போகிறவர்கள் மணிக்கூட்டை அரை மணி பின்னுக்குத் திருப்ப வேண்டியிருந்தது. "ஆமிக்காரன்ர பொயின்ற்ல பத்து மணிக்கு வெளிக்கிட்டு இஞ்சால ஒம்பதே முக்காலுக்கு வந்து சேருவம், பிள்ளை" என்று சிரிப்பார். நான் அப்படியே எடுத்துக்கொண்டேன். அரை மணி என்றால் ஒன்றேகால் நாழிகை. ஒரே ஆறு, இரண்டு கரை, இரண்டு கோபுரம், ஒன்றேகால் நாழிகை வித்தியாசத்தில் இரண்டு மணி. அதைச் சாபம் என்று வைத்தேன். இரண்டு மணியையும் ஒன்றாக்கினால் வெற்றி.

எல்லாருக்கும் வாசித்துக் காட்டிய அன்று அவரும் கதவடியில் நின்று கேட்டார். முடிந்ததும் கேட்டது இதுதான்: "அப்ப எந்த மணி பிழை, பிள்ளை?"

"மற்றக் கரையில அடிக்கிறது, அண்ணை. அது பிந்துது."

"சூரியன் எந்தப் பக்கம் நிண்டது?"

நான் எதுவும் சொல்லவில்லை. அவர் வாகனத் திறப்பை எடுத்துக்கொண்டு போய்விட்டார்.

கணக்கைப் பார்த்தால் அவர் பக்கம்தான் நியாயம். இந்தத் தீவில் சூரியன் உச்சிக்கு வருவது பழைய நேரத்தில் 12 தாண்டிக் கொஞ்சத்தில், புது நேரத்திலோ 12.40 அளவில். ராகுகாலமும் சூரிய உதயத்தை வைத்து வருவது, அரசாங்கச் சுற்றறிக்கையை வைத்தல்ல. திங்கட்கிழமை ஏழரை என்று மனப்பாடமாக இருந்ததைப் புது நேரக்காரர் எட்டு என்று மாற்றிப் பார்த்திருக்க வேண்டும். பிந்தியது புலிகளின் பக்கம் என்றில்லை, அரசாங்கப் பக்கம் முந்தியது என்றும் சொல்லலாம். ஆனால் விளையாட்டு தொடங்குவது நகரத்தில். நகரத்தவருக்கு ஆற்றுக்கு அப்பால் அடிக்கிற மணி பிந்தித்தான் கேட்கும். கதையை ஒரு இடத்திலிருந்து தொடங்கத்தானே வேண்டும்?

இரண்டுமே சரியான மணி என்று மாற்றிப் பார்த்தேன். வாக்கியம், திருக்கணிதம் என்று இரண்டு பஞ்சாங்கம் வைத்துக்கொண்டு ஒரே விரதத்தை ஒரு கோயிலில் இன்றைக்கும் மற்றதில் நாளைக்கும் பிடிக்கிற சனம் நாங்கள், அதைச் சாபம் என்று யாரும் சொல்வதில்லை, அம்மாவிடம் கேட்டால் "எங்கட கோயில்ல எப்ப?" என்பதோடு முடித்துவிடுவா. ஆனால் நிரல் எழுதுகிற தம்பி ஒரே நிமிடத்தில் ஓட்டையைப் பிடித்தான். ஆற்றைத் தாண்டித் தாண்டி வந்தால் ஒரே நாழிகை இரண்டு தரம் கிடைக்கும், ஒரே சடங்கை இரண்டு தரம் செய்து விளையாட்டையே முறித்துவிடலாம். அவன் சொன்னதில் பிழையில்லை. அதனால் சாபம் சாபமாகவே போனது. "பிந்திய மணி" என்பதை "அக்கரை மணி" என்று மாற்றினேன், அவ்வளவுதான். அது மாற்றமா, பூச்சா என்று எனக்கே தெரியாது.

அண்ணைக்குக் கோபமா என்றால் இல்லை. அதே முகம், அதே பகிடி. ஒருநாள் மாங்குளத்தால் வந்துகொண்டிருந்தபோது மட்டும் தானாகவே சொன்னார்: "நேரம் ஒண்டான வருசம்தான் பாதையும் பூட்டினது." பிறகு பார்த்தேன், சரிதான். 2006 ஏப்ரலில் அரசாங்கம் பழைய நேரத்துக்குத் திரும்பியது, ஓகஸ்டில் ஏ9 மூடப்பட்டது. ஒன்றுக்கும் மற்றதுக்கும் தொடர்பில்லை என்று எனக்குத் தெரியும், அவருக்கும் தெரியும். ஆனால் நான் எழுதிய உலகத்தில் மணிகள் ஒன்றானதும் வாசல்கள் திறக்கின்றன, பூ மழை பெய்கிறது. விளையாடுகிறவர் அவ்வளவு நேரம் கஷ்டப்பட்டதற்கு அதையாவது கொடுக்க வேண்டும் என்பதுதான் என் வாதம். அது இப்போதும் என் வாதம்தான்.

இப்போது இரண்டாம் பாகம் கேட்கிறார்கள். மணிகள் ஒன்றான மறுநாளிலிருந்து தொடங்க வேண்டுமாம். அண்ணையிடம் கேட்டால் நல்ல கதை வரும். கேட்காமல் ஏதாவது எழுதிவிடலாமா என்றுதான் பார்த்துக்கொண்டிருக்கிறேன்.