76.5 சென்டிமீட்டர்

"உங்கள் பரீட்சை மேசை எத்தனை சென்டிமீட்டர் உயரத்தில் இருக்க வேண்டும்?"

பல்கலைக்கழகம் அனுப்பிய படிவத்தில் ஏழாவது கேள்வி இது. முதல் ஆறுக்கும் மளமளவென்று பதில் எழுதிவிட்டேன். சக்கர நாற்காலியா? ஆம். எழுதும்போது கை சோருமா? ஆம். மேலதிக நேரம் வேண்டுமா? கேட்கவும் வேண்டுமா! ஏழாவதில் சிக்கிக்கொண்டேன். இருபத்திரண்டு வயதுவரை இதை என்னிடம் ஒருவரும் கேட்டதில்லை. எனக்குத் தெரிந்த அளவு ஒன்றுதான்: மேசைக் காலுக்கு ஒரு செங்கல்.

இங்கிலாந்துக்கு வந்து நாலு மாதமாகிறது. நன்றாகப் பழகிவிட்டது என்றுதான் எல்லோரிடமும் சொல்கிறேன். நான் ஏறுவதற்காகச் சாரதி பலகையை இறக்கிவிட்டு பஸ்ஸை நிறுத்தி வைத்திருப்பது பழகிவிட்டது. பின்னேரம் நாலு மணிக்கே இருட்டுவதும் பழகிவிட்டது. இருட்டியதும், இலங்கையில், திருகோணமலைக்குப் பக்கத்தில் எங்கள் ஊர் உப்புவெளியில் இப்போது ஒன்பதரை, அம்மா இடியப்பத் தட்டுகளைக் கழுவி அடுக்கியிருப்பார் என்று கணக்குப் பார்ப்பதைத்தான் விட முடியவில்லை.

அப்பா மேசன். உயர்தரப் பரீட்சையின் முதல் நாள், அம்மா பத்திரகாளி அம்மன் கோயில் திருநீற்றை என் நெற்றியில் அப்பி அனுப்ப, நான் ஓட்டோவிலும் அப்பா சைக்கிளிலும் போனோம். கரியரில் ஓர் அரிசிப் பை, அதற்குள் நாலு செங்கல். மண்டபம் மேல்மாடியில். அப்பாவும் ஓட்டோக்கார அண்ணாவும் என்னை நாற்காலியோடு தூக்கினார்கள். பிறகு அப்பா இறங்கிப் போய்க் கற்களைக் கொண்டுவந்தார்.

"இது என்ன ஐயா, கல்?" என்றார் மேற்பார்வையாளர்.

"மேசைக்கு, சேர். பிள்ளையின் முழங்கால் இடிக்கும்."

அவர் நாலையும் ஒவ்வொன்றாகப் புரட்டிப் பார்த்தார், விடை ஏதும் எழுதியிருக்கிறதா என்று. ஒரு கல்லில் சூளைக்காரர் பதித்த இரண்டு எழுத்து இருந்தது. அதை வெகுநேரம் சந்தேகத்தோடு பார்த்துவிட்டுத்தான் விட்டார்.

மேசை உயர்ந்தது, நேரம் உயரவில்லை. இரண்டு மணி நேரத்தில் விரல்கள் மரத்துப்போயின. கடைசி வினா வெறுமையாகவே போனது. மருத்துவச் சான்றிதழோடு முன்கூட்டியே விண்ணப்பித்தால் மேலதிக நேரம் கிடைக்கும் என்பதைப் பெறுபேறு வந்த பிறகு பக்கத்து வீட்டு மாமி சொல்லித்தான் அறிந்தோம். சட்டம் இல்லாத நாடல்ல எங்களுடையது. மாற்றுத்திறனாளிகளின் உரிமைகளுக்கு 1996ஆம் ஆண்டின் 28ஆம் இலக்கச் சட்டம் இருக்கிறது. பொதுக் கட்டடங்களுக்கு 2006இல் அணுகல் விதிகளும் வந்தன. அந்த மாடிப்படிக்குத்தான் யாரும் சொல்லவில்லை போலும்.

ஏழாவது கேள்விக்காக வீட்டுக்கு அழைத்தேன். நான் படித்த மேசை இன்னும் அதே கற்களின் மேல்தான் நிற்கிறது. அப்பா அளவு நாடாவோடு குனிந்தார்.

"முப்பது அங்குலமும் ஒரு நூலும்."

ஒரு நூல் என்றால் அங்குலத்தில் எட்டில் ஒன்று. கணக்குப் போட்டு 76.5 என்று எழுதினேன். இவ்வளவு துல்லியமாக யாரும் எழுதியதில்லை என்று அலுவலர் வியந்தார். அம்மாவின் கவலை வேறு. "அதற்கு எவ்வளவு காசு கேட்கிறார்கள்?" இங்குள்ள 2010ஆம் ஆண்டின் சமத்துவச் சட்டப்படி அந்தச் செலவை மாணவரின் தலையில் கட்ட முடியாது என்றேன். "வடிவாக வாசித்துப் பார் பிள்ளை, கீழே சின்ன எழுத்தில் போட்டிருப்பார்கள்."

ஜனவரியில் பரீட்சை. எனக்கென்று ஒரு சிறிய அறை, மேற்பார்வைக்கு ஒரு நோக்குநர். பொத்தானை அழுத்தியதும் மேசை முனகிக்கொண்டு மேலே வந்தது. இரண்டு மணி நேர வினாத்தாளுக்கு 25 சதவீதம் கூட்டி இரண்டரை மணி நேரம். அதுவும் போதாதென்று ஓய்வு இடைவேளை வேறு. கை சோர்ந்ததும் சொன்னேன். நோக்குநர் பலகையில் 10.42 என்று எழுதினார். இனி நான் எழுதத் தொடங்கும்வரை ஓடும் நேரம் என் கணக்கில் சேராது.

கையை மடியில் வைத்துக்கொண்டு இருந்தேன். என்ன செய்வதென்று தெரியவில்லை. அன்றைய மண்டபத்துச் சன்னல் நினைவுக்கு வந்தது. கோட்டைப் பக்கமிருந்து வந்த மான் ஒன்று, கீழே யாரோ வீசிய சோற்றுப் பொதிக் காகிதத்தை நிதானமாக மென்றுகொண்டிருந்தது. நான் கடைசி வினாவோடு தவித்த நேரம் அது.

"தொடங்கலாமா?" என்றார் நோக்குநர். ஒன்பது நிமிடம் போயிருந்தது.

கடைசி வினாவையும் எழுதி முடித்தேன். இரவு அப்பாவிடம் மேசையைப் பற்றி விலாவாரியாகச் சொன்னேன். பொத்தான் என்றதும் அவருடைய முகம் மாறியது. 2022இல் நாளுக்கு 13 மணி நேரம்வரை மின்வெட்டைப் பார்த்தவர் அவர்.

"கரண்ட் நின்றால்?"

"இங்கே நிற்காது அப்பா."

"நின்றால்?"

மறுமொழி தெரியவில்லை. அடுத்த பரீட்சைக்கு நாலு செங்கல் தேடி வைத்துக்கொள்ளச் சொன்னார்.