214 நாள் ஹெட் கேஷியர் வேலை, அதற்கான அலவன்ஸ்

எங்கள் கிளையில் ஹெட் கேஷியர் நீண்ட மருத்துவ விடுப்பில் போனபோது மேனேஜர் என்னைக் கூப்பிட்டு, "நீங்களே பாத்துக்கங்க சார்" என்று சாவியைக் கொடுத்தார். ஆஃபீஸ் ஆர்டர் எதுவும் போடவில்லை. நானும் கேட்கவில்லை. காலையில் ஆபீசரோடு சேர்ந்து ஸ்ட்ராங் ரூம் திறப்பது, சாயங்காலம் பணத்தை எண்ணி உள்ளே வைத்துப் பூட்டுவது, ஒரு கட்டு குறைந்தால் பதில் சொல்வது என்று 214 நாள் அந்தப் பொறுப்பு முழுக்க என்மேல்தான் இருந்தது. வங்கி நிர்வாகங்களும் ஊழியர் சங்கங்களும் போட்டுக்கொள்ளும் பைபார்டைட் ஒப்பந்தப்படி, தற்காலிகமாகப் பார்த்தாலும் பார்த்த நாட்களுக்கு ஸ்பெஷல் அலவன்ஸ் உண்டு. எழுதிக் கேட்டதற்கு, நீங்கள் உதவி மட்டும்தான் செய்தீர்கள், உத்தரவு எதுவும் இல்லை என்று பதில் வந்தது. மாதத்துக்குச் சில நூறு ரூபாய்தான், ஆனால் அந்த 'உதவி' என்ற வார்த்தை எனக்குத் தாங்கவில்லை.

முதலில் சென்னை சாஸ்திரி பவனில் உதவி லேபர் கமிஷனரிடம் மனு கொடுத்தேன். வங்கி என்பதால் மாநில அரசு அலுவலகத்தில் இது நடக்காது, மத்திய அரசுதான். அரக்கோணத்திலிருந்து ரயில் பிடித்துப் போவேன், வங்கித் தரப்பில் வாய்தா கேட்பார்கள், திரும்பி வருவேன். எட்டு மாதம் இப்படியே போனது. அப்புறம்தான் சங்கத்து மூத்த தோழர் ஒருவர் என் மனுவைப் படித்துவிட்டு, "தம்பி, நீ ரெண்டு விஷயத்தை ஒண்ணா கலந்துட்ட" என்றார். நிரந்தரமாக ஹெட் கேஷியர் போஸ்டிங் வேண்டும் என்பதையும் அதில் எழுதியிருந்தேன். அது புது உரிமை. அன்றைய சட்டப்படி, லேபர் கமிஷனர் முன் நடக்கும் சமரசம் முறிந்து, டெல்லியில் அமைச்சகம் தொழில் தீர்ப்பாயத்துக்கு அனுப்பினால்தான் விசாரணையே தொடங்கும். வேலை பார்த்த நாட்களுக்கான பணம் மட்டும் என்றால் ஒப்பந்தத்திலேயே இருக்கிற உரிமை, அப்போது நடப்பில் இருந்த தொழில் தகராறு சட்டத்தில், வர வேண்டிய பணத்தைக் கேட்கும் 33-சி(2) பிரிவில் நேராகத் தீர்ப்பாயத்துக்கே போகலாம், அதற்குக் காலக்கெடுவும் கிடையாது என்றார்.

போஸ்டிங் கோரிக்கையை விட்டுவிட்டேன். மனசுக்குக் கஷ்டமாகத்தான் இருந்தது.

எதிர்பார்த்த மாதிரியே வங்கித் தரப்பு, உரிமையே தகராறில் இருக்கும்போது 33-சி(2) செல்லாது என்று ஆரம்பித்தது. தோழர் கையில் 1963-ஆம் ஆண்டு உச்ச நீதிமன்றத் தீர்ப்பு தயாராக இருந்தது, சென்ட்ரல் பாங்க் வழக்கு. க்ளியரிங் பிரிவில் கூட்டல் மெஷின் ஓட்டிய கிளார்க்குகள், வங்கி ஊழியர் சம்பளத்தை நிர்ணயித்த சாஸ்திரி அவார்டு என்ற தீர்ப்பாய உத்தரவுப்படி மாதம் 10 ரூபாய் அலவன்ஸ் கேட்டுப் போட்ட வழக்கு அது. முதலாளி மறுத்துவிட்டார் என்பதற்காகவே அதிகாரம் போய்விடாது, அவார்டில் உள்ள உரிமை இவருக்குப் பொருந்துமா என்று தீர்ப்பாயம் பார்க்கலாம் என்று அதில் சொல்லியிருக்கிறார்கள். பத்து ரூபாய்க்கு அவர்கள் அவ்வளவு தூரம் போனதால்தான் எனக்கு வழி கிடைத்தது, இன்றும் அந்த நன்றி எனக்கு உண்டு.

சரி, சட்டம் நின்றது, சாட்சி வேண்டுமே. நான் டைரியில் தேதி குறித்து வைத்திருந்தேன், ஆனால் அது என் கையெழுத்து, யாரும் எழுதலாம் என்றார்கள். சாவிப் பதிவேட்டை வங்கியே தாக்கல் செய்ய வேண்டும் என்று தனியாக ஒரு மனு போட்டோம். பதிவேடு கிடைக்கவில்லை என்றார்கள், இரண்டு வாய்தா கழித்துக் கிடைத்தது. சாவி கை மாறும் ஒவ்வொரு முறையும் ஆபீசர் கையெழுத்துக்குப் பக்கத்தில் என் கையெழுத்து. குறுக்கு விசாரணையில் என்னிடம் கேட்ட கேள்விகள் எல்லாம் அந்தப் பக்கங்களைப் பார்த்ததும் சட்டென்று குறைந்துவிட்டன.

உத்தரவு வர மூன்று வருடத்துக்கு மேல் ஆனது. வட்டி கேட்டிருந்தோம், தரவில்லை. 197 நாளுக்கு அலவன்ஸ் கணக்கிட்டுக் கொடுக்கச் சொன்னார்கள், பணமும் வந்தது. மீதி 17 நாள், பெரும்பாலும் மாதக் கடைசி, கூட்டம் அலைமோதும் நாட்கள், அவசரத்தில் சாவியை வாங்கிக்கொண்டு பதிவேட்டில் கையெழுத்துப் போடாமல் விட்டிருக்கிறேன். அந்த நாட்களிலும் பெட்டகத்தைப் பூட்டியது நான்தான்.